வலப்பக்கம்

ஜூலை 19

அன்புள்ள ரத்மிலா அக்காவுக்கு,

உங்கள் தம்பி மனைவி ஒலிவேரா எழுதுவது. இங்கே அனைவரும் நலம் என்று தொடங்குவதுதான் முறை. அப்படி எழுதினால் அடுத்த பத்தியிலேயே அது பொய் என்று தெரிந்துவிடும். அதனால் அந்த வரியை விட்டுவிடுகிறேன். நீங்களும், லின்ஸில் நீங்கள் பார்த்துக்கொள்கிற அந்த வயதான தம்பதியும் நலமாக இருக்க வேண்டும்.

வைபரில் என்னைத் தடுத்து வைத்திருக்கிறீர்கள். நான் எழுதுவது எதுவும் உங்களிடம் வந்து சேர்வதில்லை. அழைத்தாலும் மணி அடிப்பதில்லை. உங்கள் தம்பி மிலோவானிடம் சொல்லி அனுப்பலாம் என்றால், "அக்காவுக்கும் உனக்கும் நடுவுல என்னைப் போட்டு அரைக்காத, நானே ராஸ்பெர்ரி மாதிரி நசுங்கிக் கிடக்கேன்" என்று தோட்டத்துக்கு நடையைக் கட்டிவிடுகிறார். அதனால்தான் இந்தக் கடிதம். உறையும் ஸ்டாம்பும் வாங்கப் போனபோது தபால் ஆபீஸ் பெண் கேட்டாள்: "ஆஸ்திரியாவுக்குக் கடிதமா? ஏன் டீச்சர், அங்க இன்னும் கரன்ட் வரலையா?"

நீங்கள் கடைசியாக அனுப்பிய செய்தியை நான் அழிக்கவில்லை. "ரோட்டுல நின்னு கூத்தடிக்க இடுப்பு இருக்கு, எங்கம்மாவைப் புரட்ட மட்டும் இடுப்பு இல்லையா? வெட்கமா இல்ல உனக்கு?" படித்ததும் எனக்குக் கோபம் வரவில்லை, அக்கா. உங்கள் இடத்தில் நானிருந்தாலும் இதைத்தான் எழுதியிருப்பேன். நீங்கள் கேட்டதும் உண்மை, பார்த்ததும் உண்மை. ஆனால் இரண்டையும் சேர்த்து நீங்கள் கண்ட முடிவு உண்மையில்லை.

அன்று காலை மிலோவான் உங்களிடம், "ஒலிவேரா இன்னைக்கு பிளோகாடாவுக்குப் போறா, அம்மாகிட்ட பக்கத்து வீட்டு லெபோசாவா இருப்பா" என்று போனில் சொல்லியிருக்கிறார். அவர் சொன்னது ஊசியை. வலிக்கிற இடத்திலேயே மருந்தை இறக்கி வலியை அங்கேயே மறித்துப்போடுகிற ஊசிக்கு நம் டாக்டர்கள் வைத்திருக்கும் பெயர் அது. ராஸ்பெர்ரிக்காரர்கள் டிராக்டரைக் குறுக்கே நிறுத்திச் சாலையை மறித்தால் அதற்கும் அதே பெயர்தான். அங்கே ஜெர்மன் பேசிப் பேசி, பிளோகாடா என்றதும் உங்களுக்குச் சாலை மட்டும்தான் நினைவுக்கு வந்திருக்கும். சாயங்காலம் பேஸ்புக்கில் அந்த வீடியோவையும் பார்த்துவிட்டீர்கள்.

என் இடுப்பைப் பற்றி உங்களிடம் நான் முழுதாகச் சொன்னதில்லை. சொன்னால் வேலையிலிருந்து நழுவப் பார்க்கிறாள் என்று தோன்றுமோ என்ற தயக்கம். வலது இடுப்பின் வெளிப்பக்கம், கையைத் தொங்கவிட்டால் மணிக்கட்டு உரசுகிற இடத்தில் ஒரு எலும்பு உருண்டையாகத் தட்டுப்படும். அதற்கும் அதன் மேல் ஓடுகிற தசைநாருக்கும் நடுவே சின்ன மெத்தை மாதிரி ஒரு நீர்ப்பை இருக்கிறதாம். அது வீங்கிவிட்டது. குளிர்காலத்தில் தொடங்கியது. வகுப்பில் கரும்பலகை முன்னால் நின்றால் காந்தும். உட்கார்ந்து எழுந்தால் முதல் சில அடிகளுக்கு நொண்டல். வலப்பக்கம் படுத்தால் யாரோ அந்த எலும்பின் மேல் கட்டைவிரலை வைத்து அழுத்துவது போல இருக்கும். இடப்பக்கம் படுத்தாலும் மேலே இருக்கிற கால் கீழே இழுத்து அதே வலி. மாதக்கணக்காக மல்லாந்து படுத்து உத்தரத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

செய்யாத வைத்தியம் இல்லை. பக்கத்து வீட்டு லெபோசாவா முட்டைக்கோஸ் இலையில் தேன் தடவிக் கட்டினாள். மிலோவான் பிளம் சாராயத்தைத் தேய்த்தார், பாதி எனக்கு, பாதி தனக்கு. "கதவையும் ஜன்னலையும் எதிரெதிரே திறந்து வெச்சுட்டு நடுவுல நின்னிருப்பே, காத்து உள்ள புகுந்துடுச்சு" என்பது இருவரின் தீர்ப்பும். நம் ஊரில் எந்த வலியும் கடைசியில் அந்தக் காற்றின் தலையில்தான் வந்து விழும்.

ஊசிக்காக ஆறு மாதம் காத்திருந்து கிடைத்த தேதி அது. பத்து மணி பஸ்ஸில் ஏறினேன். குளிர்பதனக் கிடங்குக்காரர்கள் அன்று காலைதான் ராஸ்பெர்ரிக்குக் கொள்முதல் விலையைச் சொன்னார்களாம், அடிமாட்டு விலை. நான் அம்மாவுக்குக் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தேன், எனக்கு ஒன்றும் தெரியாது. பாலத்துக்கு வந்தபோது டிராக்டர்கள் வரிசையாகக் குறுக்கே நிற்கின்றன. இரண்டாவது டிராக்டரின் மேல் என் கணவர்.

இறங்கி நொண்டிக்கொண்டே அவரிடம் போனேன். என்னைப் பார்த்ததும் காதுவரை சிவந்துவிட்டார். அவர் போராட்டத் தலைவர் ஸ்ரெத்தெனைப் பார்த்தார், ஸ்ரெத்தென் என்னைப் பார்த்தார். "டீச்சரம்மா, உங்களுக்கு வழி விட்டா பின்னாடி நிக்கற அத்தனை பேருக்கும் ஒரு இடுப்பு வலி முளைச்சிடும். ஆம்புலன்ஸுக்கு மட்டும்தான் வழி. நீங்க அதுல படுத்துக்கிட்டு வந்திருக்கணும்" என்றார். "படுக்க முடியலன்னுதான்யா ஆஸ்பத்திரிக்கே போறேன்!" என்று கத்திவிட்டேன். சாலையே சிரித்தது. நானும் சிரித்தேன். யாரோ ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு, வலிக்கு நல்லது என்று கையில் ஒரு சிறிய கிளாஸைத் திணித்தார்கள். அந்த நிமிஷத்தைத்தான் நீங்கள் வீடியோவில் பார்த்திருக்கிறீர்கள்.

மிலோவான் இறங்கி வந்து, "ஒல்யா, இன்னைக்கு நான் நகர்ந்தா இந்த ஊர்ல இனி என் மூஞ்சியை யாரும் பாக்க மாட்டாங்க" என்று காதோரம் சொன்னார். அவரை நான் என்ன சொல்ல முடியும்? அம்மாவின் மருந்தும் அந்தத் தோட்டத்திலிருந்துதான் வருகிறது.

ஒன்றை மட்டும் மறைக்க மாட்டேன். ஊசி இல்லை என்று ஆன பிறகும் உடனே வீட்டுக்குத் திரும்ப எனக்கு மனம் வரவில்லை. நடந்தே திரும்பிவிடக்கூடிய தூரம்தான், மெதுவாக நடந்தால். ஆனாலும் ஆற்றோரம் உட்கார்ந்தே இருந்தேன். யாரையும் புரட்ட வேண்டாத ஒரு மத்தியானம் கிடைத்து எத்தனை காலமாயிற்று என்று யோசித்தேன். அது தப்பா என்றும் யோசித்தேன். விடை கிடைக்கும் முன் லெபோசாவா போனில் கூப்பிட்டுவிட்டாள்.

புதிய தேதி ஆகஸ்ட் நடுவில். ஊசிக்குப் பிறகு இரண்டு வாரம் எதையும் தூக்கக்கூடாதாம். தேவமாதா பண்டிகைக்கு வருவதாக இருந்த பயணத்தை நீங்கள் ரத்து செய்துவிட்டதாக மிலோவான் சொன்னார். எனக்காக வர வேண்டாம். அந்த இரண்டு வாரம் அம்மாவைப் புரட்ட ஒருவர் வேண்டும், அவ்வளவுதான்.

அம்மா உங்கள் போட்டோவைக் காட்டினால் கண்ணை மூடாமல் பார்க்கிறார். பேச்சு ஓரிரு சத்தங்கள்தான். பக்கவாதம் தாக்கிய வலது கை இன்னும் அப்படியே. உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள்
ஒலிவேரா


ஆகஸ்ட் 31

அன்புள்ள அக்காவுக்கு,

பார்சல் வந்தது. தோலில் தடவும் களிம்பு, பெரிய டயப்பர் மூன்று கட்டு, எனக்கு வலி மாத்திரை, காபிப் பொடி. எல்லாவற்றையும் எடுத்து மேசையில் வைத்துவிட்டு, அட்டைப்பெட்டியின் மடிப்புகளுக்குள்ளும் பார்த்தேன். எழுத்து ஒன்றும் இல்லை. ஆனாலும் வலி மாத்திரை அனுப்பியிருக்கிறீர்கள் என்றால் என் கடிதத்தைப் படித்திருக்கிறீர்கள். அது எனக்குப் போதும் என்று எழுத ஆசை.

பண்டிகைக்கு நீங்கள் வரவில்லை. அம்மாவுக்கு நாள் தெரிந்திருந்தது. சர்ச் மணி அடித்ததும் கதவையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் பேச்சை மாற்றினேன். பேச முடியாதவரிடம் பேச்சை மாற்றுவது சுலபம்.

ஊசி போட்டாயிற்று. டாக்டர் என் வயதுப் பெண், படபடவென்று பேசுகிறவர். இடப்பக்கம் படுக்க வைத்து, விரலால் தடவிக்கொண்டே வந்து ஒரு இடத்தில் அழுத்தினார். நான் துள்ளிவிட்டேன். "இடம் இதுதான். டீச்சர் கூரையைத் தொட்டுட்டாங்க" என்று நர்ஸிடம் சொல்லிவிட்டு அங்கே பேனாவால் ஒரு சிலுவை போட்டார். "அழுத்தும், அப்புறம் எரியும். திட்டணும்னா சத்தமா திட்டுங்க, அடுத்த ரூம்ல இருக்கறவங்களுக்குக் காது கேக்காது." எனக்குத் திட்டத் தோன்றவில்லை. ஊசி எலும்பைத் தொட்டுவிட்டுச் சற்றே பின்வாங்கியதை உணர்ந்தேன். உள்ளே குளிர்ச்சியாக ஏதோ பரவியது. அந்த நிமிஷம் என் வாழ்க்கையில் யாரோ எனக்காக ஏதோ செய்கிறார்கள் என்ற நினைப்பில் கண் கலங்கிவிட்டது. நர்ஸ் வலி என்று நினைத்துக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

பிறகு டாக்டர் கையுறையோடு உட்கார்ந்து கேள்வி கேட்டார். வீட்டில் நான் எதைத் தூக்குகிறேன் என்றார். மாமியாரை என்றேன். "இனி ரெண்டு வாரத்துக்கு அவங்களை யாரு தூக்குவா?" கணவர் பகலெல்லாம் தோட்டத்தில் என்றேன். "அவங்களுக்குப் பொண்ணு இல்லையா?" இருக்கிறார், ஆஸ்திரியாவில் என்றேன். "அங்க என்ன பண்றாங்க?" வயதானவர்களைப் பார்த்துக்கொள்கிறார் என்றேன். டாக்டர் கையுறையைக் கழற்றிக் கூடையில் போட்டார்.

உங்களைக் குத்திக்காட்ட இதை எழுதவில்லை, அக்கா. நீங்கள் அங்கே இல்லாவிட்டால் இங்கே இந்தக் கூரை இல்லை, தெரியும். ஆனால் அந்த அறையில் அந்தப் பதிலைச் சொன்னபோது எனக்கே அது விசித்திரமாகக் கேட்டது. உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வேன்?

மரத்துப்போயிருந்ததால் அன்று பஸ் வரை இருபது வயதுப் பெண் போல நடந்தேன். சாயங்காலம் மரப்பு விட்டதும் முன்னைவிட மோசம். அடுத்த இரண்டு நாள் சுவரைப் பிடித்துக்கொண்டுதான் நடமாட்டம். "ஊசியைத் தப்பான கால்ல போட்டுட்டாங்களா பாரு" என்றார் மிலோவான். அதற்கடுத்து ஒரு காலை கண் விழித்தபோது எனக்கு எதிரே அவருடைய முகம் இருந்தது. உத்தரம் இல்லை. முகம். தூக்கத்தில் நானாகவே வலப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறேன். வலி இல்லை. குளிர்காலத்திலிருந்து அவரை அவ்வளவு பக்கத்தில் நான் பார்க்கவில்லை. புருவத்தில்கூட நரை வந்துவிட்டது. எழுப்பாமல் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நல்ல நாட்கள் சில இருந்தன. அவற்றை எண்ணி வைக்கவில்லை, எண்ணினால் தீர்ந்துவிடும் என்று ஒரு பயம். காலையிலும் மாலையிலும் மிலோவான் அம்மாவைப் புரட்டினார். மத்தியானத்துக்கு லெபோசாவா. அவளே எலும்பும் தோலும், இருந்தாலும் வாய் மட்டும் சளைக்காது, அம்மாவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டுச் சீண்டுவாள்: "கோசரா, உன்னைத் தூக்கறதுக்குள்ள என் உயிர் போயிடும், அப்புறம் நம்ம ரெண்டு பேரையும் யாரு தூக்கறது?" அம்மாவின் இடது உதடு கொஞ்சம் சிரிக்கும்.

ஒரு மத்தியானம் லெபோசாவா ஆட்டை அவிழ்க்கப் போயிருந்தாள். அம்மா கட்டிலில் சறுக்கி, பாதம் கால்மாட்டுச் சட்டத்தில் மாட்டிக்கொண்டது. தலையணை நழுவி முகம் ஒரு பக்கம் அமுங்கிவிட்டது. மிலோவானுக்குப் போன் செய்தேன், எடுக்கவில்லை. வாசலுக்குப் போய் லெபோசாவாவைக் கூப்பிட்டேன். திரும்பி வந்து பார்த்தேன். அம்மாவின் கண் என்னையே பார்த்தது. டாக்டர் சொன்னது அத்தனையும் நினைவிருந்தது, ஒரு வார்த்தை மறக்கவில்லை. அக்குளில் கை கொடுத்து இழுத்தேன். இடுப்புக்குள்ளே ஈரத்துணியைப் பிழிகிற மாதிரி ஏதோ ஆயிற்று.

இப்போது மறுபடி உத்தரம். டாக்டரிடம் போனில் பேசினேன். இன்னொரு ஊசி உடனே போடமாட்டாராம். "இது என்ன உப்பா, குறைஞ்சா இன்னொரு சிட்டிகை போட? திரும்பத் திரும்பப் போட்டா தசைநார் நூல் நூலா பிரிஞ்சுடும், அப்புறம் நொண்டறதுகூட முடியாது. ஓய்வெடுங்க" என்றார். ஓய்வு எங்கே கிடைக்கும் என்று கேட்டேன். "அது என் கையில இல்ல" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அவருக்கும் வேறு என்ன தெரியும்?

நாளை மறுநாள் பள்ளி திறக்கிறது. காலை நேரத்துக்கு லெபோசாவா வருவதாகச் சொல்லியிருக்கிறாள். காபிக்கு நன்றி. குடிக்கும்போதெல்லாம் நீங்கள் சமையலறையில் இருப்பது போல இருக்கிறது.

அன்புடன்
ஒலிவேரா


அக்டோபர் 13

அக்கா,

இதை நேராகச் சொல்லிவிடுகிறேன். அம்மாவுக்குப் படுக்கைப் புண் வந்துவிட்டது. வலது இடுப்பின் வெளிப்பக்கம், அந்த உருண்டை எலும்பின் மேல். எனக்கு வலிக்கிற அதே இடம்.

எப்படி வந்தது என்று நீங்கள் கேட்பதற்கு முன் சொல்கிறேன். இந்த வேலை உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அம்மாவின் கட்டில் சுவரை ஒட்டியிருந்தது. அவரை வலப்பக்கம் திருப்ப நான் என் பக்கமாக இழுத்தால் போதும், இடது காலில் நின்றுகொண்டே செய்துவிடலாம். இடப்பக்கம் திருப்பவேண்டுமென்றால் குனிந்து, முழு எடையையும் வலது காலில் வாங்கி, சுவர்ப் பக்கம் தள்ள வேண்டும். இரண்டு வாரம் முடிந்ததும் புரட்டுவது மறுபடி என் வேலையாயிற்று. ஊசி தோற்றுப்போன பிறகு அது என்னால் முடியவில்லை. முயன்றேன். ஒரு தடவை முழங்கால் மடங்கி அவர் மேலேயே விழப்போனேன். பிறகு மல்லாந்து, வலம், மல்லாந்து, வலம் என்று ஆகிவிட்டது. மிலோவானிடம் சொல்லியிருக்கலாம். அவர் பிளாக்பெர்ரி அறுவடை முடிந்து பசியோடும் அழுக்கோடும் வந்து நிற்கும்போது, அம்மா எந்தப் பக்கம் படுத்திருக்கிறார் என்று பேச வாய் வரவில்லை.

இன்னொன்று. இதை எழுதத்தான் இரண்டு நாளாகப் பேனாவை எடுத்து எடுத்து வைக்கிறேன்.

செப்டம்பர் நடுவிலிருந்து அம்மா "குக்கு, குக்கு" என்று சொல்லிக்கொண்டிருந்தார். பக்கவாதத்துக்கு அப்புறம் அவரிடம் மிஞ்சிய சில சத்தங்களில் அது புதிதாகச் சேர்ந்தது. உங்கள் அம்மா எப்போதும் எதற்கும் குக்கு என்பவர்தானே? பால் பொங்கினால் குக்கு, பனி சீக்கிரம் விழுந்தால் குக்கு, செத்த வீட்டில் நின்றால் முதல் ஐயோ அவருடையதுதான். பழைய அம்மா திரும்பி வருகிறார் என்று எனக்குச் சந்தோஷமாகக்கூட இருந்தது. மிலோவான் சிரித்தார். லெபோசாவா, "போதும்டி கோசரா, கூலிக்கு ஒப்பாரி வைக்கறவ மாதிரி காலைலேயே ஆரம்பிச்சுட்டே, வருத்தப்பட எனக்கும் கொஞ்சம் மிச்சம் வை" என்று தலையைத் தடவிவிட்டு ரேடியோவைச் சத்தமாக வைப்பாள்.

போன வாரம் வீடுகளுக்கு வந்து பார்க்கும் நர்ஸ் வந்தாள். புதியவள், வடக்குச் சமவெளிக்காரி, நம் மலைப்பக்கத்து ஒப்பாரியெல்லாம் அவளுக்குப் பழக்கமில்லை. அம்மாவின் கையைப் பிடித்து, "பாட்டி, எங்க வலிக்குது?" என்று கேட்டாள். அம்மா அதையே சொன்னார். நர்ஸ் என்னைத் திரும்பிப் பார்த்து, "குக்னு சொல்றாங்களே. இடுப்பு வலிக்குதுன்னு எத்தனை நாளா சொல்லிட்டிருக்காங்க?" என்றாள்.

குக். இடுப்பு. ஒரு சின்ன உகரம் சேர்ந்தால் ஐயோ, சேராவிட்டால் இடுப்பு. நாங்கள் மூன்று பேரும் அந்த உகரத்தை நாங்களாகவே சேர்த்துக் கேட்டிருக்கிறோம். அதிலும் நான். பள்ளியிலும் வீட்டிலும் பஸ்ஸிலும் அந்தச் சொல்லையே சுமந்துகொண்டு திரிகிறவள் நான். எனக்குமா கேட்கவில்லை?

லெபோசாவா ரேடியோவை அணைத்தாள். நர்ஸ் போர்வையை விலக்கிப் பார்த்தாள். டயப்பரின் ஓரம் மறைத்திருந்த இடம். தினமும் துடைக்கும்போது சிவப்பாகத் தெரிந்தது, உங்கள் களிம்பைத் தடவினேன். இப்போது பார்த்தால் புண்ணின் ஓரம் நன்றாக இருந்தது, நடுவில் தோல் இல்லை.

இப்போது கட்டிலை அறை நடுவில் இழுத்துப் போட்டிருக்கிறோம். மிலோவான் தானே அதைச் செய்துவிட்டு வெளியே போய் விறகு பிளந்தார், தேவைக்கு அதிகமாக. நர்ஸ் வாரத்தில் மூன்று முறை வந்து கட்டுப் போடுகிறாள். இரண்டு மணிக்கொரு தரம் திருப்ப வேண்டும், வலப்பக்கம் கூடவே கூடாது என்றாள். நானும் மிலோவானும் ஒருவர் தலைமாட்டில் ஒருவர் கால்மாட்டில் நின்று திருப்புகிறோம். பள்ளிக்கு விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டேன். வேதியியலுக்கு ஓவிய ஆசிரியர் போகிறாராம். என் இடுப்பு என்னோடு சண்டை போடுவதை நிறுத்திவிட்டது. அது இப்போது சும்மா எரிகிறது. பல் வலியோடு வாழ்கிறவர்கள் போல நானும் அதனோடு வாழ்ந்துகொள்வேன். ஆனால் நடுவில் ஒரு நாள் காலே என் பேச்சைக் கேட்காமல் போனால் என்ன செய்வது என்று தெரியவில்லை. நான் விழுந்தால் அவரும் விழுவார்.

ஊர் டாக்டர் வந்து பார்த்துவிட்டு, புண் எலும்பு வரை போனால் வீட்டில் வைத்துக்கொள்ள முடியாது என்றார். மிலோவான் டவுனில் இருக்கும் முதியோர் இல்லத்துக்குப் போய் விசாரித்துவிட்டு வந்தார். என்னிடம் சொல்லாமல்தான் போனார். திரும்பி வந்து ஷூவைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். "இப்ப இடம் இல்லையாம். முதல் பனி விழுந்ததும் காலியாகும்னாங்க" என்றார். ஏன் காலியாகும் என்று இருவருக்கும் புரிந்தது.

நேற்றுக் கட்டு மாற்றிய பிறகு நான் அம்மாவின் பக்கத்தில் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். எழுந்திருக்கும்போது வழக்கம்போல் முனகியிருப்பேன் போல. அம்மா நல்ல கையை நீட்டி என் தொடைக்கு மேலே, வலிக்கிற இடத்துக்குச் சற்றுத் தள்ளி வைத்தார். அதே சத்தத்தைச் சொன்னார். அவருடைய இடுப்பைச் சொன்னாரா, என் இடுப்பைச் சொன்னாரா, ஐயோ என்றுதான் சொன்னாரா, எனக்குத் தெரியவில்லை. குனிந்து காதைக் கொடுத்துக் கேட்டேன். திரும்பச் சொல்லவில்லை.

வைபரில் என்னைத் தடுத்து வைத்திருப்பதை எடுக்க வேண்டாம். என்னிடம் பேசவும் வேண்டாம். ஆனால் உங்கள் கைகளுக்குத் தெரிந்தது இந்த வீட்டில் யாருக்கும் தெரியாது. ஒரு உடம்பை நோகாமல் எப்படித் திருப்புவது, எங்கே தலையணை வைப்பது, எந்தச் சிவப்பு சாதாரணச் சிவப்பு, எது இல்லை. நான் புத்தகத்தில் பார்க்கிறேன், போனில் பார்க்கிறேன். பார்த்துவிட்டு அம்மாவிடம் போனால் எல்லாம் வேறு மாதிரி இருக்கிறது.

இருபத்தேழாம் தேதி நம் குடும்பப் புனிதை பெத்காவின் நாள். இந்த ஸ்லாவாப் பண்டிகைக்கு யாரையும் அழைப்பது நமக்கு வழக்கமில்லை. வர வேண்டியவர்கள் அவர்களாகவே வருவார்கள், அழைத்தால் புனிதைக்குக் குறைச்சல் என்பார் அம்மா. நான் உங்கள் வீட்டுக்கு மருமகளாக வந்தவள், அந்த வழக்கத்தை இதுவரை ஒரு முறையும் மீறியதில்லை. இந்த வருஷம் மீறுகிறேன். வாருங்கள், அக்கா. கேக் இருக்காது, வறுத்த இறைச்சி இருக்காது, கோதுமையை மட்டும் வேகவைத்து மெழுகுவர்த்தி ஏற்றிவைப்பேன். கோபம் ஆறிய பிறகு வரலாம் என்று காத்திருக்க வேண்டாம். கோபத்தோடேயே வாருங்கள். வாசலில் நின்று ஊர் கேட்கத் திட்டுங்கள், நான் வாசற்படியைப் பிடித்துக்கொண்டு நின்று கேட்டுக்கொள்கிறேன். திட்டி முடித்ததும் கையைக் கழுவிக்கொண்டு என்னைத் தாண்டி உள்ளே போங்கள். அம்மா இப்போது இடப்பக்கம், கதவைப் பார்த்துத்தான் படுத்திருக்கிறார்.

உங்கள் கைகள் பொன்னாகட்டும், அக்கா.

ஒலிவேரா